அப்பா கூப்பிட்ட மாதிரி

இருட்டில் மைக் முன்னால் நின்றான்.

எதிரே திரையில் அவனுடைய முகம். மழையில் நனைந்த முகம். ஓடத்தின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு வாயைத் திறக்கிறது.

சத்தம் இல்லை.

சத்தம் இனிமேல்தான். இத்தாலியில் அப்போது அப்படித்தான் படம் எடுத்தார்கள். முதலில் முகம், பிறகு குரல். இரண்டும் ஒரே ஆளுடையதாக இருக்க வேண்டும் என்று யார் அழுதார்கள்?

இவன் முகத்துக்கு எப்போதும் பின்னணிக் குரல் கொடுக்கும் ஒட்டாவியோதான் பேசினார்.

போர் முடிந்த கையோடு ரோமுக்கு வந்தவன் இவன். தோளைப் பார்த்துச் சினிமாவில் வேலை கொடுத்தார்கள். ஆற்றங்கரைக் கொச்சையைக் கேட்டதும் வாயை மூடச் சொன்னார்கள். அடிமையாக வந்து தூணைச் சாய்த்தான். அமெரிக்கப் பெயர் ஒன்றை வைத்துக்கொண்டு குதிரை ஏறினான். ஒற்றன், பாதிரியார், மாமியாருக்குப் பயந்த மருமகன், எல்லாம் ஆனான். படப்பிடிப்பில் வசனம் மறந்தால் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுவான். உதடு அசைந்தால் போதும். மிச்சத்தை ஒட்டாவியோ பார்த்துக்கொள்வார்.

பெண்கள் அந்தக் குரலில் மயங்கினார்கள். வீட்டுக்கு போன் செய்வார்கள். இவன் பேசியதும் தப்பான நம்பர் என்று வைத்துவிடுவார்கள்.

அதனால் ஒட்டாவியோவைப் போலப் பேசிப் பார்த்தான். முதலில் விளையாட்டுக்கு. பிறகு விருந்துகளில். பிறகு பேட்டிகளில், கல்யாணத்தில், கட்டிய மனைவியிடம்.

இரவல் சேலையை நம்பி இடுப்புக் கந்தையை எறிந்தாளாம் ஒருத்தி. இவன் எறியவில்லை. உள்ளே எங்கேயோ பத்திரமாக இருக்கிறது என்றுதான் நினைத்திருந்தான்.

இந்தப் படத்துக்கு அவனே தயாரிப்பாளர். வீட்டை விற்றுத் தயாரித்தான். எல்லாம் இந்த ஒரு காட்சிக்காக.

சின்ன வயதில் ஊருக்குள் ஆறு வந்தது. தம்பி நீனோ வெள்ளத்தோடு போய்விட்டான். அப்பா ஓடத்தில் ஏறி, தண்ணீரைப் பார்த்து அவன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். கரையில் நின்று இவன் கேட்டுக்கொண்டிருந்தான். அப்படி ஒரு கூப்பாட்டை அதற்குப் பிறகு அவன் எங்கும் கேட்கவில்லை.

அப்பாவும் இப்போது இல்லை. அந்தக் கூப்பாடு இவன் தொண்டையில் மட்டும்தான் மிச்சம். அதை ஒட்டாவியோவுக்குக் கொடுக்க மனம் வரவில்லை. காலையில் வந்த மனிதரைக் கட்டிப்பிடித்து, வீட்டுக்கு அனுப்பிவிட்டான்.

சிவப்பு விளக்கு எரிந்தது.

திரையில் முகம் வாயைத் திறந்தது. இவனும் திறந்தான்.

"நீனோ..."

தெளிவாக வந்தது. உருண்டு, திரண்டு, உதட்டோடு ஒட்டி வந்தது. குறை சொல்ல ஒன்றும் இல்லை.

அப்பா அப்படிக் கூப்பிடவில்லை.

படத்தைப் பின்னுக்கு ஓட்டினார்கள். மறுபடி முகம். கண்ணை மூடிக்கொண்டான். சேற்று நாற்றத்தை நினைத்தான். அப்பாவின் கழுத்து நரம்பை நினைத்தான்.

"நீனோ..."

வெண்ணெய் தடவிய ரோமாபுரிக் குரல்.

அவனுக்குப் பயம் வந்தது. நிஜமான பயம். தொண்டைக்குள் கையை விட்டுத் துழாவ முடியுமானால் துழாவியிருப்பான். இன்னொரு முறை கூப்பிட்டான். தம்பியைக் கூப்பிட்டானா, அப்பாவைக் கூப்பிட்டானா, அவனுக்கே தெரியவில்லை. குரல் நடுங்கியது. அந்த நடுக்கம்கூட அழகாக இருந்தது.

சுவரில் இருந்த ஸ்பீக்கர் கரகரத்தது. பக்கத்து அறையிலிருந்து புரூனோ. ஒலிப்பதிவுக்காரன். சாப்பாட்டுக்குப் பிறகுதான் வேலைக்கு வந்தான். காலையில் நடந்தது அவனுக்குத் தெரியாது. அவன் இடத்திலிருந்து திரை மட்டும்தான் தெரியும்.

"அருமை ஒட்டாவியோ! எனக்கே கண்ணுல தண்ணி வந்துடுச்சு. இதையே வச்சுக்கலாம்."

இவன் மைக்கை இரண்டு கையாலும் பிடித்தான்.

"ஒட்டாவியோ இல்ல புரூனோ. நான்தான்."

ஸ்பீக்கரில் சிரிப்புச் சத்தம்.

"விளையாடாதீங்க ஒட்டாவியோ. நேரமாகுது, அடுத்தது போகலாம்."

திரையில் அந்த முகம் அடுத்த வசனத்துக்கு வாயைத் திறந்துவிட்டது. அதைக் காக்கவைக்க முடியாது.

இவன் பேசினான்.