கோச்சை விசாரிக்க வந்தவர்

"பந்தைத் தரமாட்டன். ஏலுமெண்டால் பொலிசுக்குப் போய்ச் சொல்லும்."

வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கத்தியவள் இரஞ்சிதம். பாயில் காயப்போட்டிருந்த செத்தல் மிளகாய்க்கு நடுவில் பந்து விழுந்து, மிளகாய் முற்றமெல்லாம் சிதறிக் கிடந்தது.

"பிள்ளை தெரியாமல் அடிச்சிட்டுது அன்ரி. நான் வந்து கூட்டி அள்ளித் தாறன்," என்றான் அந்தப் பக்கம் நின்ற நிஷாந்தன்.

"என்ரை வளவுக்குள்ள நீர் கால் வைக்க வேண்டாம். துப்பல் தடவின பந்து. சீ, இனி இந்த மிளகாயை ஆர் தின்னிறது?"

நிஷாந்தன் கொக்கிளாய்ப் பெடியன். ஒரு காலத்தில் மாகாண அணிக்கு வேகப்பந்து போட்டவன். பேப்பரில் படமும் வந்தது. கொழும்பில் ஒரு கிளப் கூப்பிட்டுப் போனவன், முழங்கால் பிசகி நொண்டிக்கொண்டு திரும்பினான். இப்போது தண்ணீரூற்று என்ற இந்த ஊரில் தனியாக வாடகை வீடு. வீட்டுக்குப் பின்னால் கிடந்த வெறுங்காணியில் வலை கட்டி, பள்ளிக்கூடப் பெட்டைகளுக்குக் கிரிக்கெட் பழக்குகிறான். ஊருக்கு அவன் 'கோச்'.

இரஞ்சிதத்துக்கு அவனைக் கண்டாலே குமட்டும். வேலியில் கொழுவிவிடும் சப்பாத்து நாறுமாம். அரைக்காற்சட்டையோடு நின்று பல் தீட்டுவானாம். வேர்த்து ஒழுகிய உடம்போடு கிணற்றடியில் காறித் துப்புவானாம். இதெல்லாம் அவளுக்கு எப்படித் தெரியுமென்று கேட்கக் கூடாது. வேலியில் ஓட்டை இருந்தது.

அதைவிடப் பெரிய கோபம் ஒன்றும் இருந்தது. மகள் கௌசலாவுக்கு வந்த சம்பந்தம் ஒன்றும் சரிவரவில்லை, வயது ஏறிக்கொண்டு போகிறது. பெண் பார்க்க வருகிற சனம் பக்கத்து வளவில் காற்சட்டை போட்ட பெட்டைகள் துள்ளுவதைக் கண்டால் இந்த வீட்டைப் பற்றி என்ன நினைக்கும்? எல்லாம் அந்தக் கோச்சால் வந்த வினை என்பது அவளுடைய தீர்ப்பு.

பந்தைக் கொண்டுபோய்க் குப்பைக் கிடங்கில் எறிந்தாள். கௌசலா அதை எடுத்துக் கழுவி, வேலிக்கு மேலால் திருப்பி எறிந்தாள்.

"எறி, எறி. நாளைக்கு நீயும் காற்சட்டையைக் கொழுவிக்கொண்டு போ," என்றாள் தாய்.

அடுத்த கிழமை முன்பின் தெரியாத ஒரு பெண் படலையைத் திறந்துகொண்டு வந்தார். வவுனியாவிலிருந்து வருகிறாராம், பெயர் கமலாட்சியாம். கையில் ஒரு சீப்புக் கப்பல் பழம். நல்ல பழக்கமுள்ள மனிசி என்று நினைத்த இரஞ்சிதம் கதிரையைத் துடைத்துப் போட்டாள். கௌசலா தேத்தண்ணி கொண்டுவந்து வைத்துவிட்டுக் குசினிக்குள் போனாள்.

"பக்கத்து வீட்டுக் கோச்சை உங்களுக்கு நல்லாத் தெரியுமோ, தங்கச்சி?"

இரஞ்சிதத்துக்கு உடனே விளங்கிவிட்டது. கலியாணம் பேச முன்னம் அயல் வீட்டில் போய் விசாரிப்பதுதானே ஊர் வழக்கம். அவனுக்கு எங்கேயோ பொம்பிளை பார்க்கிறார்கள். பொம்பிளைப் பகுதி விசாரிக்க வந்திருக்கிறது. தன்னுடைய பிள்ளை வீட்டில் இருக்க, இந்த நாற்றத்துக்குக் கலியாணமோ? தன் கதிரையைக் கிட்ட இழுத்துப் போட்டாள்.

"அவனோ? கொழும்பால ஏன் வந்தவன் எண்டு நினைக்கிறியள்? முழங்கால் எண்டு ஊருக்குக் கதை. அங்க ஏதோ ஊத்தை வேலை பாத்து, கிளப்பால கலைச்சு விட்டவங்களாம்."

"ஆர் சொன்னது?"

"எல்லாரும் சொல்லினம்." எல்லாரும் என்பது அவள் ஒருத்திதான்.

"பெட்டையளை வடிவாப் பழக்கிறார், போட்டியளிலயும் வெல்லுதுகள் எண்டு கேள்விப்பட்டம்."

"பழக்கிற ஆளின்ரை கண்ணைப் பாக்கவேணும், அக்கா. எனக்கு ஓங்காளிச்சுச் சத்தி வரும். விளையாட ஏலாமல் போனவன், பெட்டையளுக்குப் பின்னால திரியுறதுக்கு ஒரு பேர் கண்டுபிடிச்சு வைச்சிருக்கிறான்."

கமலாட்சி கோப்பையைக் கீழே வைத்தார். "மறைக்காமல் சொல்லுங்கோ. உங்கட பிள்ளையெண்டால் குடுப்பியளோ?"

"கிணத்துக்குள்ள தள்ளுவனே தவிர, உவனுக்குக் குடுக்கமாட்டன்."

"சரி தங்கச்சி. மனசில கிடந்ததைச் சொன்னது நல்லதாப் போச்சு."

பாதித் தேத்தண்ணி அப்படியே கிடக்க, கமலாட்சி எழும்பிப் போய்விட்டார். ஒரு கலியாணத்தைக் குழப்பிவிட்ட சந்தோசத்தில் இரஞ்சிதம் பழத்தை உரிக்கத் தொடங்கினாள். கௌசலாவைக் கூப்பிட்டும் அவள் சாப்பிட வரவில்லை.

அந்த மாதமே கௌசலா வவுனியாவில் ஒரு புடவைக் கடையில் வேலையென்று போனாள். பொங்கலுக்குக்கூட வரவில்லை. ஏனென்று கேட்டால் லீவு இல்லையாம்.

கோச்சுக்கு மட்டும் ஒரு குறையும் வரவில்லை. மாகாணப் பெண்கள் அணியைப் பழக்குகிற வேலை அவனைத் தேடி வந்தது. ஆவணியில் நெடுங்கேணியில் கலியாணம். பெண் தாட்சாயினி, அங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் விளையாட்டு ரீச்சர். இனி அவன் குடியிருக்கப் போவதும் நெடுங்கேணியில்தானாம்.

இரஞ்சிதத்துக்கும் கார்ட் வந்திருந்தது. அவனுக்குப் பெண் கொடுக்கிற மடைச் சனத்தின் முகத்தைப் பார்க்கவேணும் என்பதற்காகவே சேலை கட்டிக்கொண்டு பஸ் ஏறினாள்.

மண்டப வாசலில் சந்தனக் கிண்ணத்தோடு நின்றவர் கமலாட்சி. இரஞ்சிதம் மூக்கைச் சுழித்துக்கொண்டு கிட்டப் போய் அவர் காதுக்குள் சொன்னாள்.

"அவ்வளவு சொல்லியும் அந்த ஊத்தைக்கு உங்கட பொம்பிளையைக் குடுக்கிறியளே, அக்கா."

கமலாட்சி அவளுக்கும் சந்தனத்தை நீட்டினார்.

"நான் மாப்பிளையின்ரை பெரியம்மா, தங்கச்சி. அண்டைக்கு வந்தது உங்கட கௌசலாவைக் கேக்க."