உப்பு வாரும் வரை மழைக்குத் தடை

நீதிமன்ற வராந்தாவில் நின்ற ஜெயக்கனிக்கு ஆத்திரம் அடங்கவில்லை. ஊருக்குள் அடுக்குமாடிக்காரர்கள் வெக்கை தாங்காமல் செயற்கை மழைக் கம்பெனிக்கு ஆர்டர் கொடுத்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்ட அன்றே, தன் உப்பளப் பாத்தியில் விளைந்த உப்பை வாரி முடிக்கும் வரை மழையை இறக்கக்கூடாது என்று மனுப் போட்டிருந்தாள். விசாரணை இன்றைக்கு. மழை நேற்றே பெய்துவிட்டது. ஒரு பருவத்து உப்பும் கரைந்து ஓடையோடு போய்விட்டது.

"பெய்ஞ்சு முடிஞ்ச மழைக்கு எதுக்குக்கா தடை? மனுவ வாபஸ் வாங்கிருங்க" என்றான் வக்கீல் ரூபன்.

"அடுத்த மழைக்கு இப்பவே ஒரு மனு போடுவோமா தம்பி?"

"கம்பெனிக்கு ஆர்டர் விழாம கோர்ட்டுல மனு எடுக்க மாட்டாங்கக்கா. ஆர்டர் விழுந்தா மறுநாளே மழை. விசாரணைக்கு ரெண்டு நாளாவது ஆகும்லா?"

"அப்ப எந்தக் காலத்துலயும் எங்க மனுவ ஒருத்தரும் கேக்கப் போறதில்ல. இதுக்கு ஒரு கறுப்புக் கோட்டு வேறயா உமக்கு?"

"என் மேல ஏன் பாயுதீங்க? வாபஸ் வாங்கலேன்னா கோர்ட்டு நேரத்த வீணாக்குனதா அபராதம் போடுவாங்க."

அவள் பெயரைக் கூப்பிட்டார்கள். போய்க் கூண்டில் ஏறினாள். நீதிபதி நிமிர்ந்துகூடப் பார்க்காமல் கேட்டார்: "வாபஸ்தானே?"

"இல்லய்யா. உப்பத்தான் கரைச்சிட்டாங்க. மனுவையும் நானே கரைச்சுத் தரணுமோ? மழைய இறக்குனது சரியா, தப்பா? அத நீங்க வாயால சொல்லுத வரைக்கும் நான் இந்தக் கூண்ட விட்டு எறங்க மாட்டேன்."

நீதிபதி அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார்.