முட்டையிட்டுப் பாலூட்டுவது

திங்கட்கிழமை, அருங்காட்சியகத்துக்கு விடுமுறை. ஆஸ்திரேலியக் கூடத்தில் கொறற்றி கண்ணாடிப் பெட்டிகளைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள். உயரத்துச் சாளரத்தால் விழுகிற சாம்பல் வெளிச்சத்தில் எக்கிட்னா என்கிற முள் எறும்புதின்னியின் முட்கள் மினுங்குகின்றன. பஞ்சடைத்த கங்காருவின் பையிலிருந்து குட்டியொன்று தலையை நீட்டிக்கொண்டிருக்கிறது. கொறற்றியின் நீல வேலைச்சட்டைப் பையில் ஒரு கடிதம் பாதி வெளியே தெரிகிறது. தரை துடைக்கிற யோகம் அக்கா பிளாட்டிபஸுக்கு முன்னால் நின்று குறிப்பை வாசிக்கிறாள். "இஞ்ச பார், வாத்துச் சொண்டு. முட்டையும் இடுமாம், பாலும் குடுக்குமாம். கடல் சூழ்ந்த அந்தக் கண்டத்தை விட்டால் வேற இடத்தில இல்லையாம். முதல் பாத்த படிச்ச ஆக்கள் ஆரோ தைச்சு ஒட்டின பொய்யெண்டு சொன்னவையாம். முட்டையிடுறதை ஒத்துக்கொள்ள எண்பது வருசத்துக்கு மேல போச்சாம்." கொறற்றியின் துணி கண்ணாடியில் கிறீச்சிடுகிறது. அவளுக்குக் காத்திருக்க எண்பது வருசம் இல்லை. மன்னாரில் நிற்கிற மகன் ஜெசிந்தனுக்கு ஆவணியில் பதினெட்டு முடிகிறது. அதற்குப் பிறகு பிள்ளையென்று இந்த நாட்டுக்குக் கூப்பிட ஏலாது. ஆறு வருசத்துக்கு முன் இங்கே வந்திறங்கின விமான நிலையத்தில், கூட்டிவந்த ஏஜென்சிக்காரன் சொல்லிக்கொடுத்தபடி, கலியாணமில்லை, பிள்ளையில்லை என்று அகதிப் படிவத்தில் கையெழுத்து வைத்தவள் அவள். "மகனைக் கூப்பிடப் போட்ட அன்ட்ராக்குக்கு என்ன பதில் வந்தது?" என்கிறாள் யோகம். கொறற்றி துடைத்த இடத்தையே திரும்பத் துடைக்கிறாள். "அப்ப இல்லாத பிள்ளை இப்ப எங்கால வந்தது எண்டு கந்தோரால கேட்டு எழுதியிருக்கினம். முட்டையிட்டுப் பெத்தனான் எண்டு எழுதட்டே, அக்கா?"