மூன்று திராட்சை

"இந்த மூணு திராட்சைக்கா இவ்வளவு விலை?"

தெரு மூலை பேக்கரி வரிசையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். கேட்டவர் விலைக் கட்டுப்பாட்டுத் துறையில் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர். பேச்சுக்குப் பேச்சு சட்டத்தை இழுப்பதால் தெருவில் அவருக்கு 'உட்பிரிவு' என்று பெயர். வீட்டுக்கு பிரெட் வாங்குவது மனைவிதான். அவர் காலாற நடக்க வந்தவர். கண்ணாடிப் பெட்டியில் தொங்கிய விலைச் சீட்டு உள்ளே இழுத்துவிட்டது.

"திராட்சைக்கு இல்ல சார், பிரெட்டுக்கு," என்றார் பேக்கரிக்காரர்.

"சாதா பிரெட் எங்கே?"

"அரசு விலைக்கு அதைப் போட்டா மாவு வாங்கின காசுகூடத் திரும்பாது. திராட்சை பிரெட்டுக்குக் கட்டுப்பாடு கிடையாது. ஆணையிலேயே இருக்கே, 'உலர்பழம் சேர்த்தது நீங்கலாக'ன்னு."

உட்பிரிவுக்குச் சுருக்கென்றது. அந்த 'நீங்கலாக' அவர் கைப்பட எழுதியது.

"சேர்த்ததுன்னா மாவோட பிசையணும்யா. மேலே மூணு ஒட்டி வைக்கிறதா?"

"எங்கே, எத்தனைன்னு போடலையே சார். எழுதினவர் அவசரத்துல இருந்திருப்பார்."

வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

மாவு விலை ஏறிய கதை உட்பிரிவுக்குத் தெரியாததல்ல. ஊரின் பெரிய மாவு மில் கடனில் மூழ்கி மூடிக் கிடந்தது. தலைவர், அவர் மனைவி, மச்சான், மாப்பிள்ளை என்று இயக்குநர் குழு கூடினால் கல்யாண வீடு போலிருக்கும். யாருக்கும் வேண்டியவராக இருக்கக்கூடாத சுயேச்சை இயக்குநர், தலைவரின் சகலை. ஏன் என்று கேட்க ஆளில்லாமல் மில் கவிழ்ந்தபோது, அதில் பங்குகளாகக் கிடந்த உட்பிரிவின் சேமிப்பும் கூடவே போனது. அதன்பிறகு மனைவி எப்படிக் குடும்பத்தை ஓட்டுகிறாள் என்று அவர் கேட்டதில்லை.

"எங்க வீட்டுக்கு தினமும் அரசு விலையிலதான் பிரெட் வருது. நேர்மையான கடை ஒண்ணாவது இருக்கு. மத்தியானத்துக்குள்ள உன் கடைக்கு சீல் வைக்க வைக்கிறேன் பாரு."

பேக்கரிக்காரர் முகம் வெளுத்தது. "உங்க வீடு எது சார்?"

"தண்ணித் தொட்டிக்கு எதிர் வீடு. ஏன், ஆள் அனுப்பப் போறியா?"

பேக்கரிக்காரர் அவரை ஒருமுறை ஏற இறங்கப் பார்த்தார். "உங்க இஷ்டம் சார்," என்று அடுத்தவரைக் கவனிக்கத் திரும்பினார்.

வீட்டுக்கு வந்த சூட்டோடு பழைய அலுவலகத்துக்குப் போன் போட்டார். அரசு அலுவலகம் அல்லவா, மணி நிதானமாக அடித்துக்கொண்டிருந்தது. மனைவி காலையில் வாங்கிய பிரெட்டை மேஜையில் வைத்துக் கத்தியை எடுத்தாள்.

"நீ எந்தக் கடையில வாங்கறே? அந்த ஆளைப் பாராட்டியும் ரெண்டு வார்த்தை சொல்லணும்."

"மூலைக்கடையிலதான்."

அவர் தட்டுக்கு பிரெட் எப்போதும் துண்டுகளாகத்தான் வரும். முழுதாக அன்றுதான் பார்த்தார். மேலே வரிசையாக மூன்று குழிகள்.

"எங்களை மாதிரி முடியாதவங்க நாலஞ்சு பேர் போனா மட்டும் நகத்தால தட்டி விட்டுடுவார்," என்றாள் மனைவி, அவர் முகத்தைப் பார்க்காமல். "'திராட்சை உதிர்ந்துடுச்சும்மா, இனிமே இது சாதா பிரெட்'னு அரசு விலைக்குக் குடுப்பார். மத்தவங்க குடுக்கிற கூடுதல் விலையில சரிக்கட்டிக்கிறாராம். சொன்னா நீங்க சாப்பிட மாட்டீங்கன்னுதான் சொல்லலை."

"ஹலோ, விலைக் கட்டுப்பாட்டுத் துறை. என்ன புகார்?"

உட்பிரிவு ஒரு குழியை விரலால் தடவிப் பார்த்தார்.

"புகார் இல்லப்பா, சந்தேகம். உதிர்ந்த திராட்சையைப் பத்தி ஆணையில ஏதாவது இருக்கா?"

"அப்படி ஒண்ணும் இல்லையே சார்."

"நல்லவேளை. எழுதினவர் அவசரத்துல இருந்திருக்கார்," என்று போனை வைத்துவிட்டுத் தட்டை நீட்டினார்.