புதுசா, பழசா?

"கண்ணு என்ன பொடனியிலயா இருக்கு? படி இறங்கத் தெரியலை, இவளுக்கெல்லாம் ஒரு கல்யாணம்!"

மாமியாரின் குரல் ஆஸ்பத்திரி வாசல் வரைக்கும் கேட்டது.

சக்கர நாற்காலியில் இருந்த மருமகள் தலையைத் தூக்கவில்லை. கட்டுப் போட்ட முழங்காலையே பார்த்துக்கொண்டிருந்தாள். நாற்காலியைப் பிடித்தபடி பின்னால் கணவன்.

மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்த கோடிங் பெண்ணுக்குக் காது கூசியது.

நோய்க்கு எண் போடுவது அவள் வேலை. டாக்டர் எழுதியதைப் படித்து, அதற்கு உரிய எண்ணைக் கம்ப்யூட்டரில் ஏற்றினால்தான் இன்சூரன்ஸ் நகரும்; நோயாளியும் வீட்டுக்கு நகரலாம். இந்த டாக்டரோ, 'முட்டி ஜவ்வு கிழிசல்' என்று மட்டும் எழுதிவிட்டு அடுத்த நோயாளியைப் பார்க்கப் போய்விட்டார்.

"சார், ஜவ்வு கிழிஞ்சது புதுசா, பழசா?"

"கிழிசல்ல என்ன மேடம் புதுசு பழசு? இது என்ன துணிக்கடையா?" கணவன் சிரித்தான்.

"புதுசுக்கு ஒரு எண், பழசுக்கு ஒரு எண் சார். டாக்டர் எழுதாம விட்டுட்டார், அதான் கேக்கறேன். புதுசுன்னா எப்படி அடிபட்டுச்சுன்னு காரணத்துக்கும் தனியா எண் போடணும்."

"படியில விழுந்தா."

"எந்தப் படி?"

"வாசப்படி" என்றான் அவன்.

"மாடிப்படி" என்றாள் மருமகள்.

இரண்டும் ஒன்றாக வந்து விழுந்தன.

நாற்காலியைப் பிடித்திருந்த அவன் விரல்கள் வெளுத்தன. அவள் தோள் தானாகக் குறுகியது.

அதற்குள் மாமியார் முந்திக்கொண்டாள். "வாயை மூடுடி! விழுந்த இடம்கூட ஞாபகம் இல்லை, பேச வந்துட்டா. நடை சரியில்லை, புத்தி சரியில்லை, வாய் மட்டும் நீளம். உன்னைக் கட்டிக்கிட்டு என் புள்ளை படற பாடு இருக்கே!"

அவள் திட்டத் திட்ட அவன் முகம் தெளிந்தது. கை தளர்ந்து பாக்கெட்டுக்குள் போனது.

கோடிங் பெண்ணுக்குப் பொறுக்கவில்லை. "அம்மா, அவங்களே வலியில இருக்காங்க. கொஞ்சம் சும்மா இருங்களேன்."

"என் மருமக, நான் திட்டறேன். உனக்கு எங்கே வலிக்குது?"

இவளெல்லாம் ஒரு பொம்பளையா என்று மனசுக்குள் வைதபடி கோடிங் பெண் கம்ப்யூட்டர் பக்கம் திரும்பினாள்.

கணவன் குனிந்து குரலைத் தாழ்த்தினான். "பழசுன்னா காரணம் கேக்க மாட்டீங்களா மேடம்?"

"பழசுன்னா அந்தக் கேள்வியே வராது சார்."

"அப்ப பழசுதான். கல்யாணத்துக்கு முன்னாடியே இருந்துச்சு. டாக்டர்கிட்ட அப்படியே சொல்லி எழுதி வாங்கிடுங்க."

"ஆமாமா, பழசுதான்! தெரிஞ்சிருந்தா கட்டியிருப்போமா?" மாமியார் கூடவே பாடினாள். "டேய், நீ போய் வண்டியை வாசலுக்குக் கொண்டா. இவ நொண்டறதை நாலு பேர் வேடிக்கை பார்க்கணுமா? இதை நான் பார்த்துக்கறேன், போ."

அவன் சாவியைச் சுழற்றிக்கொண்டே போனான். கண்ணாடிக் கதவு மூடியது.

அவன் முதுகு மறையும்வரை பார்த்துக்கொண்டிருந்த மாமியார், மேஜை மேல் இரண்டு கையையும் ஊன்றினாள்.

"புதுசும்மா. படியும் இல்லை, ஒண்ணும் இல்லை. உதைச்சான். நான் பார்த்தேன்."

கோடிங் பெண்ணின் விரல்கள் அப்படியே நின்றன.

"அத்தை, வேண்டாம்..." மருமகள் கண்ணாடிக் கதவைப் பார்த்தாள். "தெரிஞ்சா உங்களையும் விடமாட்டாரு."

"நீ சும்மா இருடி." மருமகளின் நெற்றியில் விழுந்த முடியை ஒதுக்கிவிட்டாள் மாமியார்.

"நீங்கதானேம்மா இவ்வளவு நேரம் இவங்களைத் திட்டித் தீர்த்தீங்க?"

"நான் முந்திக்கிட்டுத் திட்டினா அவனுக்கு மனசு ஆறிடும். இல்லேன்னா கை நீளும். வீட்டுலயும் எனக்கு இதேதான் வேலை. நேத்து நான் குளிக்கப் போயிருந்தேன். வர்றதுக்குள்ள..." மருமகளின் முழங்கால் கட்டைப் பார்த்தாள். "இன்னிக்கு இவ வீட்டுக்கு வந்தா அடுத்த முட்டியும் போகும். சரியான எண்ணைப் போடும்மா."

"நானா போட்டா செல்லாதும்மா. டாக்டர் எழுதினாத்தான் போட முடியும். நீங்க உங்க வாயால அவர்கிட்ட சொல்லணும். சொன்னா போலீசுக்குத் தகவல் போகும். இவங்களையும் வீட்டுக்கு அனுப்ப மாட்டாங்க. ஆனா..." கோடிங் பெண் தயங்கினாள். "உங்க புள்ளைம்மா."

"நான் பெத்ததும்மா. நான்தானே சொல்லணும்."

மருமகள் முதல்முறையாகத் தலையைத் தூக்கினாள். "டாக்டர் என்னையும் கேப்பாரா?"

"கேப்பார்."

"கேட்டா சொல்றேன்."

வெளியே ஹாரன் அடித்தது. ஒரு தடவை. அப்புறம் விடாமல்.

கோடிங் பெண் எழுந்து நாற்காலியை டாக்டர் அறைப் பக்கம் வேகமாகத் தள்ளினாள். முன்னால் போன மாமியாரை அப்போதுதான் கவனித்தாள். இவ்வளவு நேரம் நின்றுகொண்டே இருந்ததால் தெரியவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டு, வலது காலை இழுத்து இழுத்து வைத்து நடந்தாள் அவள்.

"உங்க முட்டிக்கு என்னம்மா ஆச்சு?"

மாமியார் திரும்பவில்லை.

"அது பழசும்மா. இவன் அப்பன் உதைச்சது. பழசுக்குத்தான் நீங்க காரணம் கேக்க மாட்டீங்களே."