முடிமீட்பு

அகராதி அலுவலகத்தில் பதிப்பாசிரியர் உதட்டைப் பிதுக்கினார்.

"முடிமீட்புன்னா பறிபோன மன்னராட்சியை மறுபடி கொண்டுவர்றது. அர்த்தம் சரிதான். ஆனா யாருங்க இதைப் பேசுறாங்க? எடுத்துடலாம்."

"இன்னைக்குக் காலைல எங்க வீட்ல பேசினோம் சார்," என்றார் உதவியாசிரியர்.

"உங்க வீட்ல எந்த ராஜாவுக்கு?"

"ராணிக்கு சார். என் சம்சாரம். புற்றுநோய்க்குக் கொடுத்த மருந்துல தலைமுடி மொத்தமும் கொட்டிப்போச்சு. எட்டு மாசமா துணிதான் கட்டியிருந்தா. இன்னைக்குத் துணியை அவிழ்த்துட்டு, 'இந்தாங்க, உங்க முடிமீட்பு'ன்னு சிரிக்கிறா. அரிசி நீளத்துக்கு முளைச்சிருக்கு."

பதிப்பாசிரியர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு அந்தச் சொல்லுக்குக் கீழே இரண்டாவது பொருளை எழுதினார்.

"அரை நாள் லீவு வேணும் சார். சீப்பு வாங்கணுங்கிறா."

"முழு நாளா எடுத்துக்குங்க."