முகம் டல்லா இருக்கு

"என்னண்ணே, இன்னிக்கும் முகம் டல்லா இருக்கு?"

கதவைத் திறந்ததும் எதிர் வீட்டுக் கம்பவுண்டரின் முதல் கேள்வி இதுதான். தினமும்.

அந்த ஆளுக்கு உலகமே டல்தான். வெயில் டல்லா அடிக்கும். லிஃப்ட் டல்லா ஏறும். மருந்துக் கடையில் கூட்டம் இல்லையென்றால் வியாபாரம் டல். கூட்டம் இருந்தால் உடம்பு டல்.

அதெல்லாம் போகட்டும். தன் முகத்தை அவன் எடை போடுவதுதான் ஓய்வுபெற்ற லாரி டிரைவருக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"என் மூஞ்சி பொறந்ததுலேருந்தே இப்படித்தான். உன் வேலையப் பாருய்யா."

"இல்லண்ணே, நேத்தவிட இன்னிக்கு ஒரு பிடி அதிகமாவே டல்."

சொல்லிவிட்டு வேலைக்குப் போய்விடுவான். மறுநாள் காலை வரை டிரைவரிடம் பேச ஒரு ஆள் கிடையாது. மனைவி போய்ச் சேர்ந்துவிட்டாள். மகன் வெளிநாட்டில். அம்மாவை அடக்கம் செய்த பிறகுதான் வந்து இறங்கினான். ஆயுசுக்கும் ஒரு லோடைக்கூடத் தாமதமாக இறக்காத மனிதர், அதை மறப்பாரா? அவன் போன் வந்தால் எடுப்பதில்லை. அடித்து ஓயும் வரை பக்கத்திலேயே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பார்.

கொஞ்ச நாளாக அதுவும் அடிப்பதில்லை.

இந்த டல்லுக்கு ஒரு வழி பண்ணியே ஆகவேண்டும் என்று ஒரு நாள் கிளம்பினார். மழமழவென்று சவரம். தலைக்கு மை. பீரோவின் அடியில் கிடந்த கோடு போட்ட சட்டை. சீட்டியடித்துக்கொண்டே கதவைத் திறந்தார்.

கம்பவுண்டர் வாயைப் பிளந்தான். "அடேங்கப்பா! மாப்பிள்ளை மாதிரி இருக்கீங்களே!"

"எங்கே, இப்ப சொல்லு பாக்கலாம், டல்லுன்னு!"

"சத்தியமா இல்லண்ணே."

டிரைவருக்குப் பரம திருப்தி. மறுநாளும் அதே வேஷம். அதற்கு மறுநாளும். கம்பவுண்டர் ஒரு சிரிப்போடு ஓடினான். நின்று கேட்க அவனுக்கு ஒன்றும் இருக்கவில்லை. வீட்டுக்குள் ஃபேன் சத்தம்கூடப் பெரிதாகக் கேட்டது.

கடைசியில் டிரைவரே லிஃப்ட் அருகில் வழிமறித்தார்.

"என்னய்யா, இப்பல்லாம் ஒண்ணும் கேக்கறதில்ல?"

"எதுக்குண்ணே கேக்கணும்? அதான் நல்லா இருக்கீங்களே. தம்பிகிட்டயும் சொல்லிட்டேன்."

"எந்தத் தம்பி?"

"உங்க பையன்தான். நீங்க போனை எடுக்கறதில்லன்னு தினமும் எனக்குப் போட்டு, 'அப்பா முகம் எப்படி இருக்கு'ன்னு கேப்பான். டல்லாவே இருக்காருன்னு சொன்னதுல பயந்துபோய் லீவு போட்டு டிக்கெட்டும் எடுத்துட்டான். நான்தான், 'இப்ப ஜோரா இருக்காரு, கவலப்படாதே'ன்னு சொன்னேன். நேத்துதான் கேன்சல் பண்ணான்."

லிஃப்ட் வந்து நின்றது. கம்பவுண்டர் உள்ளே காலை வைத்தான்.

டிரைவர் அவன் கையைப் பிடித்துக்கொண்டார்.

"கம்பவுண்டரே... என் முகத்த இன்னொரு தடவ நல்லா பாருங்க. டல்லா இல்ல?"